முந்நூற்று எண்பது ரூபாய் ஞாயிறுகள்

முப்பது வயது ஆகிவிட்டது. உட்கார்ந்து எழுந்தால் முழங்கால் சத்தம் போடுகிறது, தெருப் பொடிசுகள் அங்கிள் என்கிறார்கள். ஆகவே, ஜீவனஹள்ளியில் என்னோடு கோலி ஆடித் தோற்ற பெருமக்களே, நாமும் இனிப் பழைய கதை பேசலாம், யாரும் தடுக்க முடியாது. நான் ஒன்பதாவதோடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன். எழுத்துப்பிழை இருந்தால் உங்கள் பிள்ளைகளை விட்டுத் திருத்திக்கொள்ளுங்கள். கணக்கில் மட்டும் கை வைக்காதீர்கள். அரை வருடம் அதை வயிற்றில் வைத்துக்கொண்டு திரிந்தவன் நான்.

அப்போது எனக்குப் பதினோரு வயது. ரயில் பாதைக்குப் பின்னால் எங்கள் வீடு. ஒரே அறை, அதன் மூலையில் சமையல் மேடை. ரயில் போனால் அலமாரியில் தட்டுகள் ஒன்றோடொன்று பேசிக்கொள்ளும். அப்பா ஆட்டோ ஓட்டினார். அம்மா காக்ஸ் டவுனில் உள்பாவாடை தைக்கிற ஒரு சின்ன யூனிட்டில் துணி வெட்டினாள். அவள் சேலையில் எப்போதும் புதுத் துணியின் கஞ்சி வாசனை இருக்கும்.

கிறிஸ்துமஸ் முடிந்த கையோடு வீட்டு ஓனர் வந்தார். நாங்கள் கொடுத்திருந்த அட்வான்ஸ் இந்தக் காலத்துக்குப் போதாது, ஒரு வருடத்துக்குள் இன்னும் பன்னிரண்டாயிரம் சேர்த்துக் கொடுங்கள், முடியாவிட்டால் வேறு இடம் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். சிரித்துக்கொண்டேதான் சொன்னார். போகும்போது அம்மா தட்டில் வைத்த அச்சுமுறுக்கில் மிச்சம் இருந்ததையும் எடுத்துக்கொண்டு போனார்.

பன்னிரண்டாயிரம் எங்கள் வீட்டில் யாரும் மொத்தமாகப் பார்த்த தொகை இல்லை. அதனால்தான் அம்மா கிறிஸ்துமஸ் ஃபண்டில் சேர்ந்தாள்.

அந்த ஃபண்டு உங்களில் பாதிப் பேருக்கு நினைவிருக்கும். ஞாயிற்றுக்கிழமை தமிழ்ப் பூசை முடிந்ததும், மாதா கோயில் வளாகத்தில் தூங்குமூஞ்சி மரத்தடியில் ஒரு மடக்கு மேசை போட்டு, பிஸ்கட் டின்னோடு ஃபண்டு ஆன்ட்டி உட்காருவார். அவரைவிட வயதான பாட்டிகள்கூட அவரை ஆன்ட்டி என்றுதான் கூப்பிடுவார்கள். முதல் ஞாயிறு பத்து ரூபாய். அடுத்த ஞாயிறு இருபது. அதற்கடுத்து முப்பது. இப்படி வாரம் பத்துப் பத்தாக ஏறி, ஐம்பதாவது ஞாயிறு ஐந்நூறு. ஆளுக்கு ஒரு கார்டு. கட்டக் கட்ட, அதில் அந்த வாரத் தொகை போட்ட கட்டத்தில் ஊதா மையில் ஒரு ஸ்டார் குத்துவார். ஐம்பது கட்டமும் நிறைந்தால் கட்டிய பணம் முழுவதும் கிறிஸ்துமஸுக்கு முன்னால் கைக்கு வரும், கூடவே ஒரு பிளம் கேக். கடைசி ஞாயிறு மேசை மடக்கும்போது ஒரு கட்டம் காலியாக இருந்தாலும் ஈஸ்டர் முடிந்த பிறகுதான் பணம். ஓனர் ஈஸ்டர் வரை காத்திருக்கிற ஆள் இல்லை.

பத்து ரூபாயில் தொடங்குகிற ஃபண்டு என்றால் யார்தான் சேரமாட்டார்கள்? முதல் மாதம் முழுக்க நூறு ரூபாய்தான் போயிற்று. அம்மா கொடுத்த காசை மேசைக்குக் கொண்டுபோவது என் வேலை. ஸ்டாம்ப் பேடில் விரலைத் தோய்த்து மூக்கில் தடவிக்கொண்டு ஆன்ட்டியிடம் அடி வாங்குவது என் பொழுதுபோக்கு.

ஜூன் கடைசியில் இருபத்தைந்தாவது ஸ்டார் விழுந்தது. அம்மா கேசரி கிண்டினாள். பாதி முடிந்தது, மீதிப் பாதியும் இப்படியே ஓடிவிடும் என்று அப்பா தரையில் காலை நீட்டிக்கொண்டார். அதற்கு முன்பு அன்று காலையில், பிரசங்கம் நீண்டுகொண்டே போனதால், நான் கார்டை எடுத்து மடியில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன். கட்டங்கள் இரண்டு வரிசை. மேல் வரிசை பத்தில் தொடங்கி இருநூற்று ஐம்பது வரை போகும். அங்கே பாம்பு மாதிரி வளைந்து, கீழ் வரிசையில் திரும்பி வந்து ஐந்நூறில் முடியும். ஆகவே பத்துக்கு நேர் கீழே ஐந்நூறு. இருபதுக்குக் கீழே நானூற்றுத் தொண்ணூறு. எந்த ஜோடியைக் கூட்டினாலும் ஐந்நூற்றுப் பத்து. எனக்கு ஒரே குஷி. இருபத்தைந்து ஜோடி, மொத்தம் பன்னிரண்டாயிரத்து எழுநூற்று ஐம்பது. ஓனருக்குப் போக எழுநூற்று ஐம்பது மிஞ்சும், எனக்கு ஷூ வாங்கலாம்.

பிறகு மேல் வரிசையை மட்டும் அதே மாதிரி முனைக்கு முனை கூட்டினேன். மூவாயிரத்து இருநூற்று ஐம்பது. மறுபடி கூட்டினேன். மூன்றாம் முறையும் அதேதான் வந்தது. பாதி வருடம் போய்விட்டது, கால் பங்குப் பணம்தான் உள்ளே இருக்கிறது. மீதி ஒன்பதாயிரத்து ஐந்நூறு அந்தக் கீழ் வரிசையில் உட்கார்ந்திருந்தது. என் கால் விரல்கள் சில்லென்று ஆனது இன்னும் நினைவிருக்கிறது. சாமியார் அப்போது மன்னிப்பைப் பற்றியோ ஏதோ பேசிக்கொண்டிருந்தார்.

வீட்டில் சொன்னேன். யாரும் நம்பவில்லை. அந்த வாரம்தான் ரயில் பாதையில் சிறுத்தை வந்திருக்கிறது என்று சொல்லித் தெருவையே கதவைச் சாத்த வைத்திருந்தேன். அதற்கு முந்தின வாரம் ஓனருக்கு லாட்டரி விழுந்தது என்று. இப்போது உண்மையைச் சொல்ல, அதே முகம்தான் இருந்தது என்னிடம். அப்பா சிரித்தார். "டேய், இருவத்தஞ்சு வாரம் போச்சு, இருவத்தஞ்சு வாரம் இருக்கு. இதுல எங்கடா கால் பங்கு வந்துச்சு? போய்க் கேசரி துன்னு."

கேசரி இறங்கவில்லை. அம்மாவின் பையிலிருந்து துணி வெட்டக் கோடு போடும் சாக்பீஸை எடுத்து, சிவப்புத் தரையில் படிக்கட்டு வரைந்தேன். முதல் வாரத்துக்கு விரல்கடை உயரம், அடுத்ததுக்குக் கொஞ்சம் அதிகம், இப்படியே ஏற ஏறக் கட்டில் காலையும் தாண்டிப் போயிற்று. நடுவில் ஒரு கோடு கிழித்தேன். கோட்டுக்கு இந்தப் பக்கம் எலி வளை மாதிரி, அந்தப் பக்கம் கோபுரம் மாதிரி. தரையைக் கெடுக்கிறான் என்று திட்ட வந்த அம்மா, கரண்டியோடு அப்படியே நின்றுவிட்டாள்.

"இது கலி," என்றாள்.

பாவாடைக்குக் கலி வெட்டுவது அவள் வேலை. இடுப்புப் பக்கம் குறுகி, கால் பக்கம் அகன்ற துண்டுகள். அப்பாவுக்கு அது தெரியாது. அம்மா என் கையிலிருந்து சாக்பீஸை வாங்கிக் கோபுரத்தின் மேல் இன்னொரு கோபுரத்தைத் தலைகீழாக வரைந்தாள். "ஒரு கலிய நேரா வச்சா, அடுத்தத தலைகீழா வைக்கணும். அகலத்துக்குப் பக்கத்துல குறுகல். அப்பத்தான் துணி நீளமா, ஒரே அளவா போகும்." பிறகு ரொம்ப நேரம் தரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அடுப்பில் மிச்சமிருந்த கேசரி அடிப்பிடித்தது.

எதிர்வீட்டு அக்காவிடமும் அதே ஃபண்டு கார்டு இருந்தது. அவளும் எங்களைப் போல இருபத்தைந்தாவது கட்டத்தில்தான் இருந்தாள். புருஷன் கட்டடங்களுக்குப் பெயிண்ட் அடிப்பவர், நாங்கள் பெயிண்டர் அண்ணன் என்போம். அக்காவுக்கு அப்போது நான்காவது மாதம். டிசம்பரில் பிரசவம், அதற்குத்தான் அவள் ஃபண்டு. அம்மா சாயங்காலம் அவளைக் கூட்டிவந்து தரையைக் காட்டினாள். இரண்டு பேரும் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து பேசினார்கள், நான் தூங்குகிற மாதிரி படுத்துக்கொண்டு கேட்டேன்.

ஏற்பாடு இதுதான். ஒரு கார்டு கீழிருந்து ஏறட்டும், இருநூற்று அறுபது, எழுபது என்று. இன்னொரு கார்டு உச்சியிலிருந்து இறங்கட்டும், ஐந்நூறு, நானூற்றுத் தொண்ணூறு என்று. இரண்டையும் சேர்த்தால் எந்த ஞாயிறும் எழுநூற்று அறுபதுதான். ஆளுக்கு முந்நூற்று எண்பது. ஏறவும் வேண்டாம், இறங்கவும் வேண்டாம். ஃபண்டு ஆன்ட்டியிடம் கேட்டபோது, வாரம் ஒரு கட்டம் முழுசாக நிறைய வேண்டும், பாதிக் கட்டத்துக்கு ஸ்டார் குத்தமாட்டேன், மற்றபடி எந்தக் கட்டமாக இருந்தால் எனக்கென்ன என்று டின்னை மூடினார்.

எந்தக் கார்டு ஏறுவது, எந்தக் கார்டு இறங்குவது என்பதில்தான் என் வயிற்றுவலி தொடங்கியது. அம்மா ஏறுகிற கார்டை எடுத்துக்கொண்டாள். வயிற்றுப்பிள்ளைக்காரி, அவள் கார்டில் பெரிய கட்டங்கள் முதலில் நிறையட்டும் என்றாள். அதன் அர்த்தம், முதல் ஞாயிறு நாங்கள் கொடுத்த முந்நூற்று எண்பதில் எங்கள் கார்டுக்குப் போனது இருநூற்று அறுபது. மிச்சம் நூற்று இருபது எதிர்வீட்டுக் கார்டின் உச்சியில் ஸ்டாராக விழுந்தது.

அப்பா அன்று மதியம் சோற்றில் கை வைக்கவில்லை. "நம்ம கார்டுல இருநூத்தி அறுவதுன்னு போட்டிருக்கு. நான் எதுக்கு முன்னூத்தி எம்பது குடுக்கணும்? அவன் வூட்டு கார்டுக்கு நான் பெயிண்ட் அடிக்கிறனா?"

பின்னால் திரும்பி வரும் என்றாள் அம்மா. வராவிட்டால் என்று கேட்டார். அம்மா தட்டைக் கழுவப் போய்விட்டாள்.

அந்த மழைக்காலத்தில் எங்கள் வீட்டிலிருந்து சாமான்கள் ஒவ்வொன்றாகக் கிளம்பின. முதலில் கேபிள் கனெக்ஷன். பிறகு ஆட்டோவில் இருந்த டேப் செட், பின்சீட்டுக்குப் பின்னால் இரண்டு பெரிய ஸ்பீக்கர்களோடு. அது போன பிறகு அப்பா தானே பாடிக்கொண்டு ஓட்டினார், சவாரி குறைந்ததற்கு அதுவும் ஒரு காரணம் என்று நான் சொன்னதற்கு முதுகில் ஒன்று விழுந்தது. பால் பாக்கெட் அரை லிட்டரிலிருந்து கால் லிட்டர் ஆயிற்று. பேக்கரி முனையைத் தாண்டும்போது காரா பன் வாசனைக்கு மூச்சை அடக்கிக்கொள்ளப் பழகினேன். அம்மா ஓவர்டைம் முடிந்து வரும்போது கத்தரிக்கோல் பிடித்த கட்டைவிரல் வீங்கியிருக்கும்.

என் வேலை எதிர்வீட்டைக் கண்காணிப்பது. யாரும் கொடுத்த வேலை இல்லை. சனிக்கிழமை காலையில் அவர்கள் கொடியில் அக்காவின் சேலை காய்ந்தால் எனக்குப் பசிக்கும். கொடி வெறுமையாக இருந்தால் தட்டை அப்படியே வைத்துவிடுவேன். ஓடிப் போய், சர்க்கரை கேட்கிற சாக்கில் எட்டிப் பார்ப்பேன். அவள் நடை மாற மாற நானும் வயிற்றைத் தள்ளிக்கொண்டு அவள் பின்னால் நடந்து காட்டுவேன். அவள் சிரிப்பாள், சிரிக்கிற ஆள் ஓடிப்போக மாட்டாள் என்று எனக்கு நானே சொல்லிக்கொள்வேன்.

பயம் இதுதான். செப்டம்பர் கடைசியில் ஒரு ஞாயிறு இரண்டு கார்டும் ஒரே கட்டத்துக்கு வந்து சேரும், இரண்டிலும் முந்நூற்று எண்பது. அதுவரை நாங்கள் அவர்களுக்குப் போட்டிருப்போம். அதற்குப் பிறகு அவர்கள் கார்டில் மிச்சம் சின்னக் கட்டங்கள், எங்கள் கார்டில் பெரிய கட்டங்கள். அந்த ஞாயிறு முடிந்ததும் அவர்களுக்கு எங்கள் தேவை தீர்ந்தது. தனியாகக் கட்டிக்கொண்டு போனால் அவர்களுக்கு லாபம். எங்களால் நானூறுக்கு மேல் தனியாகக் கட்ட முடியாது. அப்புறம் ஈஸ்டர், ஓனர், தெரு. இந்தக் கணக்கை நான் யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் சிறுத்தை என்பார்கள்.

அந்த ஞாயிறு வந்தது, போனது. அதே வாரம் அக்காவுக்குச் சீமந்தம் நடந்தது. எனக்கு ஐந்து வகைச் சாதம் கிடைத்தது. மறுநாள் காலையில் அவள் வளையல் குலுங்கப் பிரசவத்துக்கு அம்மா வீட்டுக்கு, சந்தாபுராவுக்குப் போய்விட்டாள். என் தலையில் கை வைத்து, ஒழுங்காக இரு என்றாள். ஃபண்டைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

இனி மேசைக்கு வரவேண்டியது பெயிண்டர் அண்ணன். முதல் ஞாயிறு அவர் கார்டுக்கு முந்நூற்று எழுபது, எங்கள் கார்டுக்கு முந்நூற்றுத் தொண்ணூறு. பத்து ரூபாய் அதிகம் கொடுத்தார், டீ காசு என்று விட்டுவிட்டார் போல. அடுத்த ஞாயிறு இருபது அதிகம். என்னை ஒரு முறை பார்த்தார். அதற்கடுத்து முப்பது. எண்ணி வைத்த நோட்டை மறுபடி எடுத்து எண்ணினார். நான்காவது ஞாயிறு தன் கார்டுக்கு மட்டும் முந்நூற்று நாற்பது கட்டி, ஸ்டார் குத்தியதும் கார்டை மடித்துப் பையில் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டார்.

என் கையில் முந்நூற்று எண்பது இருந்தது. கட்டம் நானூற்று இருபது. வரிசை என் பின்னால் முனகியது. வெளியே ஆட்டோவில் இருந்த அப்பாவிடம் ஓடினேன். அவர் சட்டைப்பை, சீட்டுக்கு அடியில் இருந்த டப்பா, எல்லாவற்றையும் கொட்டி நாற்பதைப் பொறுக்கிக் கொடுத்தார். ஸ்டார் விழுந்தது. பிறகு என்னையும் ஏற்றிக்கொண்டு, டீக்கடையில் நின்ற பெயிண்டர் அண்ணனுக்கு முன்னால் வண்டியை நிறுத்தினார். அடிதடி என்றுதான் நினைத்தேன்.

பெயிண்டர் அண்ணன் கிளாஸைக் கீழே வைக்காமலே சொன்னார். அவர் தமிழில் கன்னடம் கலந்து வரும், எதுக்கு என்பது யாக்கு, சும்மா என்பது சும்னே. "அண்ணா, கோச்சுக்காதீங்க. நம்ம கார்டுல முன்னூத்தி நாப்பதுன்னு போட்டிருக்கு. நான் யாக்கு முன்னூத்தி எம்பது குடுக்கணும்? வாரா வாரம் பத்துப் பத்தா ஏத்துறீங்க. பொண்டாட்டி ஊருல இல்லன்னு சும்னே என்னை ஏமாத்தறீங்களா?"

அப்பா வண்டியை ஆஃப் செய்தார். அவருடைய சொந்த வசனம் அது, எண் மட்டும்தான் வேறு. ஜூலையிலிருந்து வாராவாரம் அவர்கள் கார்டுக்கு நாங்கள் போட்டது பெயிண்டர் அண்ணனுக்குத் தெரியவே தெரியாது. அப்போதெல்லாம் மேசைக்கு வந்தது அக்கா. அவர் பார்த்தது இறங்குகிற பாதியை மட்டும். அப்பாவும் ஜூலையில் ஏறுகிற பாதியை மட்டும்தான் பார்த்திருந்தார்.

"தம்பி," என்றார் அப்பா கடைசியில். "நாம ரெண்டு பேரும் ஒரே வண்டில திருப்பதிக்குப் போறோம்னு வையி. போகும்போது வண்டிக்கு கேஸு நான் போட்டேன். நீ தூங்கிட்டிருந்தே. இப்ப திரும்பி வரோம். இப்பத்தான் முழிச்சிருக்கே."

பெயிண்டர் அண்ணன் நம்பவில்லை. நான் கணக்குச் சொன்னேன், என் முகத்தைப் பார்த்து இன்னும் நம்பவில்லை. மொபைலை எடுத்து அக்காவைக் கூப்பிட்டார், எங்களுக்கும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் போட்டார். விஷயத்தைக் கேட்டதும், ஒரு நிமிஷம் இரு என்று அக்கா எழுந்து போய்க் கதவைச் சாத்துவது கேட்டது. எனக்கு அந்த இடைவெளியில் ஓனர் எங்கள் கட்டிலைத் தெருவில் வைப்பதுகூடத் தெரிந்தது.

"நம்ம கார்டுல உச்சி ஸ்டார் யாரு காசுல விழுந்துச்சுன்னு நெனச்சே?" என்றாள் அக்கா. "நாம முன்னூத்தி எம்பது வச்சோம். நூத்தி இருவது அவங்க வச்சாங்க. அப்ப நீ கேட்டியா, யாக்குன்னு? பேசாம குடுத்துட்டு வா."

அவர் நாற்பது ரூபாயை அப்பாவின் கையில் வைத்தார். டீக்குக் காசு அப்பாதான் கொடுத்தார். அதன் பிறகு ஞாயிறுதோறும் முந்நூற்று எண்பது வந்தது, ஆனால் நோட்டுகளை வரிசை முழுக்கக் கேட்கும்படி கன்னடத்தில் உரக்க எண்ணித்தான் வைப்பார். நாங்கள் அவரிடம் பிச்சை வாங்குகிற மாதிரி இருக்கும். அம்மாவிடம் சொன்னேன், எண்ணட்டும் என்றாள். வாரம் ஏற ஏற அவர் எங்களுக்காக வைக்கவேண்டிய தொகையும் ஏறியது. ஐம்பது, அறுபது, தொண்ணூறு. நவம்பர் முழுக்க எனக்குச் சனிக்கிழமை என்றால் காய்ச்சல் மாதிரி.

கடைசி ஞாயிறு. எங்கள் கார்டில் ஐந்நூறு, அவர்களுடையதில் இருநூற்று அறுபது, இரண்டே கட்டங்கள் காலி. எதிர்வீடு வெள்ளிக்கிழமையிலிருந்து பூட்டிக் கிடந்தது. வலி எடுத்துவிட்டது, அண்ணன் சந்தாபுராவுக்கு ஓடியிருக்கிறார் என்று பக்கத்து வீட்டில் சொன்னார்கள். போகும்போது அவர் தங்கள் கார்டை எங்கள் கதவிடுக்கில் செருகிவிட்டுப் போயிருந்தார். பணம் இல்லை, கார்டு மட்டும். போன் அடித்தால் எடுக்கவில்லை.

அன்று அம்மாவே மேசைக்கு வந்தாள். குடில் கட்டுகிற பையன்கள் மரத்தடியெல்லாம் வைக்கோல் இறைத்திருந்தார்கள். வரிசை முடிந்து, ஆன்ட்டி ஸ்டாம்ப் பேடை மூடப் போனார். எங்களிடம் இருந்தது முந்நூற்று எண்பது. எங்கள் கட்டத்துக்கு நூற்று இருபது குறைவு. அப்பா காலையிலிருந்து ஸ்டாண்டில் யாராவது கைமாற்றுத் தருவார்களா என்று அலைந்துவிட்டு வெறுங்கையோடு வந்து நின்றார்.

அம்மா இரண்டு கார்டையும் மேசையில் வைத்தாள். பிறகு பணத்திலிருந்து இருநூற்று அறுபதை எடுத்து எதிர்வீட்டுக் கார்டின் மேல் வைத்தாள். "முதல்ல இத முடிங்க, ஆன்ட்டி."

அப்பா அவள் கையைப் பிடித்தார். "பைத்தியமா உனக்கு? நூத்தி இருவது பொரட்டினா நம்மது முடியும். இப்ப முன்னூத்தி எம்பது வேணும். எங்க போறது?"

"அது அவங்க பங்கு," என்றாள் அம்மா. "நம்ம பங்க நாம வச்சாச்சு. பச்ச ஒடம்புக்காரி, ஈஸ்டர் வரைக்கும் அவ காசுக்கு நிக்கணுமா?"

ஆன்ட்டி ஸ்டார் குத்தினார். எதிர்வீட்டுக் கார்டு நிறைந்தது. மிச்சம் நூற்று இருபது எங்கள் கார்டின் மேல் இருந்தது, காற்றில் பறக்காமல் ஆன்ட்டி அதன்மேல் ஸ்டாம்பை வைத்தார். கன்னடப் பூசைக்கு மணி அடித்ததும் மடக்கிவிடுவேன் என்றார், கோபமாக இல்லை. நாங்கள் மூன்று பேரும் கேட்டைப் பார்த்தபடி நின்றோம். முதல் மணி அடித்தது. ஆன்ட்டி நாற்காலியிலிருந்து எழுந்து, மேசையின் ஒரு காலை மட்டும் மடக்கி, அந்த முனையைத் தன் முழங்காலில் தாங்கிக்கொண்டு நின்றார்.

அப்போதுதான் பெயிண்டர் அண்ணன் வந்தார். பஸ்ஸிலிருந்து ஓடி வந்த மூச்சு. சட்டையில் ஒரு துளி பெயிண்ட் இல்லை, அதனாலேயே அடையாளம் தெரியச் சற்று நேரம் ஆயிற்று. பெண் குழந்தை என்றார். முந்நூற்று எண்பதை நீட்டினார். ஆன்ட்டி அவர் கார்டைத் திருப்பிக் காட்டி, உங்களுடையது முடிந்துவிட்டதே என்றார்.

அவர் கார்டைப் பார்த்தார். ஐம்பது ஸ்டார். எங்கள் கார்டையும் அதன்மேல் இருந்த நூற்று இருபதையும் பார்த்தார். நான் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். கார்டு முடிந்த மனிதன், கேட்க முழு உரிமை உள்ள மனிதன், இப்போது கேட்பார், யாக்கு என்று.

அவர் பணத்தை எண்ணாமல் அந்த நூற்று இருபதின் மேல் வைத்தார். "அவ வர மூணு மாசம் ஆகும், ஆன்ட்டி," என்றார். "கேக்கு அதுவரைக்கும் தாங்குமா?"

"ரம் போட்டது," என்றார் ஆன்ட்டி, எங்கள் ஐந்நூறில் குத்த ஸ்டாம்பை ஊதிக்கொண்டே. "தாங்கும்."

அம்மா மரத்தின் வேரில் உட்கார்ந்தாள், வைக்கோலைக்கூடத் தள்ளாமல்.